செபமாலைக்குப் பிறகு ஒரு ரும்பா

ரொறன்ரோவில் எனக்காகப் பதினொரு வருடம் செபித்திருக்கிறார்கள் என்பது விமான நிலையத்தில் இறங்கிய பிறகுதான் எனக்குத் தெரியவந்தது. வரவேற்க வந்திருந்த ஏழு பேரில் ஐந்து பேரை நான் முன்பின் கண்டதில்லை. அவர்களில் நரைத்த மீசைக்காரர் ஒருவர் என் தலையில் கைவைத்து, “மாதா கைவிடேல்லப் பிள்ளை. கடைசியா உன்னை மீட்டுத் தந்திட்டா” என்றார். எங்கிருந்து மீட்டு என்று கேட்க வாயெடுத்தேன். அதற்குள் என் கூடப்பிறந்த சூசை அண்ணை பெட்டியை வாங்கிக்கொண்டு விறுவிறென்று நடக்கத் தொடங்கிவிட்டார்.

நான் மீட்கப்பட்டவள் அல்ல. ஸ்பெயினில் வலென்சியாவுக்குப் பக்கத்தில் ஒரு சின்ன ஊரில் இருக்கிறேன். தோடம்பழம் தரம்பிரித்துப் பெட்டியில் அடுக்கும் கொட்டகையில் எனக்கு வேலை. போன வருடம் என்னை ஒரு வரிசைக்குப் பொறுப்பாளியாக்கினார்கள். அதே வருடம் ஸ்பானியப் பாஸ்போட்டும் கைக்கு வந்தது. தொண்ணூற்றாறாம் ஆண்டு ஒக்டோபரில், பழப் பருவம் சூடுபிடிக்க முன் பத்து நாள் லீவு கேட்டு வாங்கி, அண்ணையைப் பார்க்கப் புறப்பட்டேன். இவ்வளவுதான் என் திட்டம்.

அண்ணையைக் கடைசியாகக் கண்டது மட்ரிட் விமான நிலையத்தில். மன்னாரிலிருந்து இரண்டு பேரும் ஒன்றாகத்தான் வெளிக்கிட்டோம். மட்ரிட்டில் ஏஜென்சி ஆளிடம் ஒரு பாஸ்போட்தான் தயாராக இருந்தது, அதில் ஒட்டியிருந்தது ஆணின் படம். “தங்கச்சியை நாளையிண்டைக்கு ஏத்திவிடுறன்” என்றான். திரும்பிப் பார்த்தால் பிடித்துவிடுவார்கள் என்று அவன் சொல்லியிருந்தபடியால் அண்ணை திரும்பிப் பார்க்காமல் உள்ளே போனார். ஏஜென்சி ஆள் சொன்ன அந்த நாளை மறுநாள் இன்றுவரை வரவில்லை. முதல் வருடம் காத்திருந்தேன். இரண்டாம் வருடம் வேலை கிடைத்தது. அதற்குப் பிறகு நான் காத்திருக்கவில்லை. இதையெல்லாம் கடிதத்தில் ஒளிவுமறைவில்லாமல் எழுதியிருந்தேன். அண்ணை என் முதல் வருடக் கடிதங்களை மட்டும்தான் வாசித்திருக்கிறார் போலிருந்தது.

வான் பெருந்தெருவில் ஏறியது. எத்தனை வரிசை வாகனங்கள் என்று எண்ணத் தொடங்கிப் பன்னிரண்டில் விட்டுவிட்டேன். எங்கள் வலென்சியாப் பக்கத்தில் இந்த அகலத்துக்கு ஒரு தோட்டமே இருக்கும். அண்ணை, தன் வீடிருக்கும் மல்வேர்ன் வரும்வரை மூன்றே வசனம் பேசினார். மூன்றாவது இது: “பாஸ்போட்டையும் ரிக்கற்றையும் தா, பத்திரமா வைக்கிறன்.”

கொடுத்துவிட்டேன். அது எங்கள் ஆட்களுக்கு ஊறிப்போன பழக்கம். வழியில் எவன் கையை நீட்டினாலும் பாஸ்போட்டைக் கொடுத்துப் பழகியவர்கள் நாங்கள். சொந்தப் பெயரும் சொந்தப் படமும் உள்ள என் முதல் பாஸ்போட்டை யோசிக்காமலே நீட்டினேன்.

மறுநாள் வெள்ளி. ஸ்டெல்லா அண்ணி இடியப்பமும் சொதியும் கணவாய்க் கறியும் வைத்திருந்தார். கணவாயை இப்படிக் காரமாகத் தின்று பதினொரு வருடம். வலென்சியாவில் அதை அதன் மையே கலந்த சோற்றோடு கறுப்பாகத் தருவார்கள். அதுவும் ருசிதான் என்று சொன்னேன். அண்ணி அகப்பையைப் பிடித்தபடி என்னை இரக்கத்தோடு பார்த்தார். “பாவம், என்னத்தையெல்லாம் திண்டு சீவிச்சிருக்கிறீர்” என்றார்.

மூன்றாவது தரம் இடியப்பம் வைக்கும்போதுதான் விஷயம் வந்தது. ஞாயிறு பின்னேரம் வீட்டில் செபமாலை. ஒக்டோபர் மாதம் முழுக்க மாதா சுரூபத்தை வீட்டுக்கு வீடு கொண்டுபோய் வைத்துச் செபிப்பது இங்குள்ள மன்னார் ஆட்களின் வழக்கம். இந்த ஞாயிறு அண்ணை வீட்டு முறை. விமான நிலையத்துக்கு வந்திருந்த மீசைக்காரர் பெனடிக்ற் அங்கிள்தான் செபத்தை நடத்துகிறவர். ஒவ்வொரு வருடமும் இன்னாருக்காகச் செபிப்போம் என்று கருத்துச் சொல்லும்போது, “ஸ்பெயினில மாட்டுப்பட்டிருக்கிற சூசையின்ர தங்கச்சிக்காக” என்று ஒரு செபம் தவறாமல் இருந்திருக்கிறது.

“இந்த முறை நன்றிச் செபம்” என்றார் அண்ணி. “நேசனும் தமக்கையோட வாறார்.”

“ஆர் நேசன்?”

“நல்ல பொடியன். நாப்பது வயசுதான். மெக்கானிக். குடி, சிகரெட் ஒண்டும் இல்லை. கலியாண எழுத்தை எழுதினா நீர் இஞ்சயே இருக்கலாம். அண்ணை ரிக்கற்றைத் தள்ளிப்போட ஏலுமோ எண்டும் கேட்டிட்டார்.”

வாயிலிருந்த கணவாய் அப்படியே நின்றது. நான் அண்ணையைத் தேடிப் போனேன். அவர் கராஜுக்குள் பனிக்கால டயர்களைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

“அண்ணை, என்ர பாஸ்போட்டைத் தாங்கோ.”

“இருக்கட்டும். ஆர் களவெடுக்கப் போறாங்கள்?”

“எனக்கு அடுத்த சனி பிளைற். திங்கள் வேலை.”

“என்ன வேலை? தோடம்பழம் அடுக்கிறதோ?” டயரைப் பார்த்தபடியே சொன்னார். “உனக்கு அங்க ஆர் இருக்கினம் ரெஜி? உன்னை நான் திரும்பவும் விட்டிட்டு இருக்க மாட்டன். சொல்லிப்போட்டன்.”

எனக்கு வந்த கோபத்தில் அந்த டயரை உதைத்தேன். கால்தான் நொந்தது.

சனிக்கிழமை காலை யாரிடமும் சொல்லாமல் வெளியே போய் முதலில் வந்த பஸ்ஸில் ஏறினேன். ஏரியைப் பார்ப்பதுதான் நோக்கம். கடலோரத்தில் பிறந்து கடலோரத்திலேயே பிழைக்கிறவளுக்குத் தண்ணீரைக் கண்டால்தான் தலை வேலைசெய்யும். பஸ் நேராகப் போகும் என்று நினைத்தேன், அது வளைந்து வளைந்து போனது. ஓட்டுநரிடம் மாற்றுச் சீட்டு வாங்கி இறங்கி, தெருவைக் கடக்காமல் அதே பக்கத்தில் நின்று இன்னொன்றில் ஏறினேன். அது ஏரிக்கு எதிர்ப்பக்கம் போகிறது என்பது ஒரு கிழவர், “நீங்கள் எங்கே போகவேண்டும்?” என்று கேட்டபோதுதான் விளங்கியது. அவர் ஆங்கிலத்தில் சொன்ன வழியில் பாதிதான் எனக்குப் பிடிபட்டது. கடைசியில் மோர்னிங்சைட்டில் ஒரு கடைத்தொகுதிக்கு முன்னால், விறைத்த கையோடு நின்றேன்.

அங்கேதான் அந்தப் பாட்டுக் கேட்டது.

அந்தப் பாட்டைப் பற்றிச் சொல்வதற்கு முன் எங்கள் கொட்டகை ரேடியோவைப் பற்றிச் சொல்லவேண்டும். காலை ஏழுக்குக் கிழவிகளின் நேரம். பழைய கோப்லாப் பாட்டுகள், ஒவ்வொன்றிலும் ஒருத்தி ஏமாந்துபோவாள் அல்லது சாவாள். பத்து மணிக்குக் கோட்டுப் போட்ட ஆண்கள் வருவார்கள். எந்த வரியில் குரல் உடையவேண்டும் என்று மெட்டுப்போட்டவன் முன்கூட்டியே அளந்து கொடுத்ததுபோல் சரியாக உடையும். மத்தியானம் ரும்பா, கைதட்டி ஆடுகிற ஜிப்சிப் பாட்டு. கோடையில் ஒரே ஒரு பாட்டு ஸ்பெயின் முழுவதையும் பிடித்தாட்டும், செப்டெம்பரில் அதை யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். நான் ஸ்பானியம் படித்தது இந்தப் பாட்டுகளில்தான். ‘கழிப்பறை எங்கே’ என்று கேட்கத் தெரிவதற்கு முன்பே, ‘உன் முத்தம் எனக்கு இனி வேண்டாம்’ என்று சுத்தமாகச் சொல்லத் தெரிந்தது. பக்கத்தில் நின்று அடுக்கிய ஆம்பாரோ என்பவள்தான் எனக்கு ரும்பாக் கைதட்டுப் பழக்கினாள். தாளம் விழும் இடத்தில் தட்டக்கூடாது. அதற்குச் சற்றுப் பிந்தி, வெறுமையான இடத்தில் தட்டவேண்டும். கோயிலில் தட்டிப் பழகிய கைக்கு அது வர ஆறு மாதம் எடுத்தது.

மோர்னிங்சைட்டில் கேட்டது நான் அந்த ஆறு மாதமும் தட்டிப் பழகிய பாட்டு. எழுதி, மெட்டுப்போட்டு, பாடியவள் பார்சலோனாப் பக்கத்து ஜிப்சிப் பெண். பெரிய பெயர் இல்லை. அந்த ஒரு பாட்டோடு சரி. ரயில் மேடையில் கைவிடப்பட்ட ஒருத்தியைப் பற்றியது.

பாட்டு வந்தது ஒரு சின்னப் பேக்கரியிலிருந்து. உள்ளே மாவு அப்பிய கையோடு நின்ற அறுபது வயதுப் பெண்ணிடம் ஸ்பானியத்தில், “சத்தத்தைக் கூட்டுங்கள்” என்றேன். அவள் பெயர் மார்த்தா, எக்குவடோர்க்காரி. அவள் பேசியது ஸ்பானியம்தான், ஆனால் என் காதில் அது மன்னார்த் தமிழாகவே விழுந்தது.

“நீ எந்த ஊர் மகளே?”

“வலென்சியா.”

என் நிறத்தை ஒருமுறை பார்த்தாள். “அதுக்கு முதல்?”

“மன்னார். இலங்கை.”

“சரி, ரெண்டும் கடற்கரைதானே” என்று சொல்லி, இறைச்சி வைத்து மடித்த எம்பனாதாப் பணியாரம் ஒன்றைச் சூடாக நீட்டினாள். கடித்தால் எங்கள் பற்றிஸின் அக்காபோல் இருந்தது. பிறகு அவள், ரும்பாவை ஸ்பெயின்காரர் தங்களிடமிருந்து களவெடுத்தார்கள் என்றாள். அது கியூபாவுடையது, எக்குவடோருக்கு அதில் என்ன பங்கு என்று நான் கேட்டேன். “கடலுக்கு இந்தப் பக்கம் இருக்கிற எல்லாம் எங்கடதான்” என்று மேசையில் அடித்தாள். இரண்டாவது எம்பனாதா வரைக்கும் சண்டைபிடித்தோம். ரொறன்ரோவில் எனக்குச் சந்தோஷமான முதல் மணித்தியாலம் அது.

புறப்படும்போது சாதாரணமாகக் கேட்டாள்: “எப்ப வீட்டுக்குப் போறாய்?”

நின்றுவிட்டேன். இரண்டு நாளாக எல்லாரும், “வந்து சேந்திட்டாய்” என்றார்கள். நான் திரும்பிப்போகும் இடத்தை வீடு என்று சொன்ன முதல் ஆள் இவள். எனக்கு அழுகை வந்தது, மறைக்கவில்லை. கதை முழுவதையும் சொன்னேன். செபமாலை என்றதும் மார்த்தாவின் முகம் மலர்ந்தது. “எனக்கும் போய்க் கனகாலம். நாளைக்கு நானும் வாறன், எந்தப் பாஷையில சொன்னா என்ன?” விலாசத்தை மாவுப்பையின் ஓரத்தில் எழுதிக்கொடுத்தேன்.

ஞாயிறு பின்னேரம் வாசலில் நாற்பது சோடிச் சப்பாத்து. சோபாக்களைச் சுவரோரம் தள்ளி, நிலத்தில் படுக்கை விரிப்பு விரித்து, தொலைக்காட்சிக்கு மேல் மாதா சுரூபத்தை வைத்திருந்தார்கள். நேசன் தமக்கைக்குப் பக்கத்தில் முழங்கால் மடித்து இருந்தார். கைநகத்தில் கழுவிப் போகாத எண்ணெய்க் கறுப்பு. உழைக்கிற கை. அவரைப் பார்த்தால் கோபம் வரவில்லை, அதுவும் எனக்கு எரிச்சலாக இருந்தது. மார்த்தா கடைசியில் ஒரு கதிரையில் இருந்து, எல்லாரும் தமிழில் அருள்நிறைந்த மரியே சொல்லும்போது தன் பாஷையில் அதே வேகத்தில் சொன்னாள்.

ஐம்பத்து மூன்று மணியும் முடிந்தது. பெனடிக்ற் அங்கிள் கண்ணை மூடி, “எகிப்தில அடிமையா இருந்த சனத்தை மீட்டதுபோல, ஸ்பெயினில மாட்டுப்பட்டிருந்த எங்கட மகள் ரெஜினாவை மீட்டுத் தந்த ஆண்டவரே” என்று தொடங்கினார். அண்ணையின் தோள் குலுங்கியது. பதினொரு வருடம் இந்த மனுசன் இப்படித்தான் அழுதிருக்கிறார் என்று அப்போதுதான் விளங்கியது. என் கோபத்தில் பாதி அந்த இடத்திலேயே போய்விட்டது. மீதிப் பாதி போகவில்லை.

“பிள்ளை, இப்ப நீ ஸ்பானியத்தில ஒரு மாதா பாட்டுப் பாடு” என்றார் அங்கிள். “அங்க அழுது அழுது பாடியிருப்பாய்தானே.”

எனக்கு ஸ்பானியத்தில் ஒரு மாதா பாட்டும் தெரியாது. எனக்குத் தெரிந்ததெல்லாம் கொட்டகை ரேடியோ. தெரியாது என்று சொல்லியிருக்கலாம். நாற்பது பேரும் கைகூப்பிக் கண்ணை மூடிக்கொண்டு காத்திருந்தார்கள். நான் அந்த ரயில் மேடைப் பாட்டை எடுத்தேன்.

முதல் அடியைப் பாடும்போது எனக்குத் துணிவில்லை, ஒப்புக்கொள்கிறேன். ரும்பாவைப் பாதி வேகத்துக்குக் குறைத்து, குரலைத் தாழ்த்தி, பூசைப் பாட்டுப்போல இழுத்தேன். பின்வரிசையில் ஒரு அன்ரி மூக்கை உறிஞ்சினார். நேசனின் தமக்கை சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தார். ஒரு ஜிப்சிக்காரி தன்னை விட்டுப்போனவனைத் திட்டும் பாட்டுக்கு மன்னார்ச் சனம் உருகியது.

அப்போது பின்னாலிருந்து ‘டக்’ என்று ஒரு கைதட்டு. பிந்தி, வெறுமையான இடத்தில். பிறகு இன்னொன்று. மார்த்தா என்னைப் பார்த்தபடி, ஒழுங்காகப் பாடு என்று சொல்வதுபோலத் தட்டினாள். எனக்கு வெட்கமாகிவிட்டது. எதற்கு இந்த ஒளிப்பு? இரண்டாம் அடியை அதற்குரிய வேகத்தில், கொட்டகையில் மெஷின் சத்தத்துக்கு மேலால் பாடுகிற குரலில், எழும்பி நின்று பாடினேன். கண்கள் திறந்தன. தியானக் கூட்டங்களில் தட்டிப் பழகிய சனம், சும்மா இருக்குமா? எல்லாரும் தட்டினார்கள், எல்லாரும் தவறான இடத்தில். பாட்டு முடிந்ததும் பெனடிக்ற் அங்கிள் உரக்க, “ஆமென்!” என்றார். மார்த்தா வாயைப் பொத்திக்கொண்டாள்.

“என்ன வடிவான பாட்டு” என்றார் அங்கிள். “மாதாவைப் பற்றி என்ன சொல்லுது? எங்களுக்கும் சொல்லு.”

பொய் நாக்கின் நுனிவரை வந்தது. நான் அண்ணையைப் பார்த்தேன்.

“அங்கிள், இது மாதா பாட்டில்லை. பழம் அடுக்கிற இடத்தில ரேடியோவில போற பாட்டு. சொல்லுறன், கேளுங்கோ.” ஒவ்வொரு வரியாகச் சொன்னேன்:

“மேடையில என்னை நிக்கவிட்டு ரயில் ஏறினாய்.
மழை வந்தது, குடை வாங்கினன்.
பசி வந்தது, அடுப்பு வாங்கினன்.
இப்ப என்னைத் தேடுறாயாமே,
அந்த மேடையில தேடாதை, நான் அங்க இல்லை.”

அண்ணி ரீ ஊற்றுவதை நிறுத்தினார்.

“என்னை மீட்டதெண்டு நீங்கள் செபிக்கிறது எனக்கு விருப்பமில்லை” என்றேன். “நான் அங்க மாட்டுப்பட்டிருக்கேல்ல. இருக்கிறன். எனக்கு வேலை இருக்கு. பல்கனி வச்ச ஒரு வீடு இருக்கு. சண்டை பிடிக்கச் சிநேகிதியள் இருக்கினம். எனக்காக அழுத உங்கள் எல்லாருக்கும் நன்றி, இனி அழவேண்டாம். அண்ணை, என்ர பாஸ்போட்டைத் தாங்கோ.”

நேசனின் தமக்கை விசுக்கென்று எழுந்தார். “எங்களை வரச்சொல்லி அவமானப்படுத்தவோ கூப்பிட்டனியள்?”

“அக்கா, இருங்கோ” என்றார் நேசன். அன்றைக்கு முழுக்க அவர் வாய் திறந்தது அப்போதுதான். “அவ சொன்னதில என்ன பிழை? அவவிட்டயும் ஆரும் கேக்கேல்ல, என்னட்டயும் ஆரும் கேக்கேல்ல.” பிறகு தட்டிலிருந்து ஒரு றோல்ஸை எடுத்துக் கடித்தார். நான் அவரைக் கட்டாமல் போனாலும் அந்த றோல்ஸுக்காக அவரை மறக்க மாட்டேன்.

அண்ணை எழுந்து மேலே போனார். கீழே நாங்கள் நாற்பது பேரும் அலுமாரி திறக்கும் சத்தத்தைக் கேட்டபடி இருந்தோம். இறங்கி வந்து, எல்லாருக்கும் முன்னால் பாஸ்போட்டையும் ரிக்கற்றையும் என் கையில் வைத்தார்.

“நான் திரும்பிப் பாக்கேல்ல ரெஜி” என்றார். “அண்டைக்கு. திரும்பிப் பாக்காம வந்திட்டன்.”

“தெரியும் அண்ணை. நீங்கள் என்னை விட்டிட்டுத்தான் வந்தனீங்கள். அது உண்மை. ஆனா நான் அதே இடத்தில நிண்டுகொண்டிருக்கேல்ல. நீங்கள்தான் பதினொரு வருசமா அங்க நிக்கிறியள். வாங்கோ, வெளியில வாங்கோ.”

பெனடிக்ற் அங்கிள் இருமிவிட்டு, “சரி, அவிச்ச கடலை ஆறுது” என்றார். சனம் கடலையைத் தின்றது. மார்த்தாவும் அந்த உறைப்புக் கடலையைத் தின்று கண்ணீர் வடித்தாள்.

மீதி நாட்களில் அண்ணை என்னோடு அதிகம் பேசவில்லை. ஆனால் ஒவ்வொரு நாளும் எங்காவது கூட்டிப்போனார். திங்கள் ஏரி. அலை இல்லாத அந்தப் பெரிய தண்ணீரைப் பார்த்து, “உப்பு மணம் இல்லை” என்றேன். “ஓம், எனக்கும் பழகேல்ல” என்றார். புதன்கிழமை, நான் ஸ்பெயினிலிருந்து கொண்டுவந்த கசற்றை வானில் போடச் சொன்னார். ரயில் மேடைப் பாட்டோடு அதிலிருந்த பன்னிரண்டையும் கேட்டுவிட்டு, “எல்லாரும் ஒரே சண்டைக்காரராக் கிடக்கு” என்றார். “நல்ல சண்டைக்காரர்” என்றேன். வியாழக்கிழமை அந்தக் கசற் வானிலிருந்து காணாமல் போனது. நான் தேடவில்லை.

சனிக்கிழமை விமான நிலையத்தில் உள்ளே போகும் கதவுக்கு முன்னால் அண்ணை என் பெட்டியைத் தந்தார். கட்டிப்பிடிக்கும் பழக்கம் எங்கள் குடும்பத்தில் இல்லை. நான் அதையும் உடைத்தேன். பாஸ்போட்டை நானே பிடித்துக்கொண்டு, நானே அதிகாரியிடம் நீட்டினேன். உள்ளே நாலு அடி வைத்ததும் நின்று, வேண்டுமென்றே முழுதாகத் திரும்பிப் பார்த்தேன்.

அண்ணை கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று கைதட்டிக்கொண்டிருந்தார். முகம் அழுதபடி, கை மட்டும் தன்பாட்டில். வாய் முணுமுணுத்தது அந்த ரயில் மேடைப் பாட்டைத்தான். வியாழக்கிழமையிலிருந்து கசற்றை வைத்துத் தனியாகப் பழகியிருக்கிறார்.

எல்லாத் தட்டும் தவறான இடத்தில் விழுந்தது.

“பிழை அண்ணை!” என்று அத்தனை சனத்துக்கும் முன்னால் கத்தினேன். “கொஞ்சம் பிந்தி! பிந்தித் தட்டுங்கோ!”